தூக்கம் வருவதற்கும் ஒரு நோய்ப் பெயர் வேண்டும்

மருந்து நிறுவனங்களில் மருந்துத் தகவல் பிரிவு என்று ஒன்று உண்டு. டாக்டர், மருந்தாளுநர், நோயாளி என்று யார் கேள்வி அனுப்பினாலும் பதில் எழுதுகிற இடம். அங்கேதான் எனக்கு வேலை. எத்தனையோ மருந்துகள் என் மேசைக்கு வந்து போயிருக்கின்றன, ஆனால் தூக்கக் கலக்கத்தைப் போக்கி விழித்திருக்க வைக்கும் மாடாஃபினில் அளவுக்குச் சட்டக் கேள்விகளை இழுத்து வந்தது வேறொன்று இல்லை. மற்ற மாத்திரைகளுக்கு ‘சாப்பாட்டுக்கு முன்னாலா, பின்னாலா’ என்று கேட்பவர்கள் இதற்கு மட்டும் ‘கையில் வைத்திருந்தால் பிடித்துக்கொண்டு போவார்களா’ என்று கேட்கிறார்கள்.

இதற்கு ஒரே வரியில் பதில் சொல்ல முடியாது. மனதைப் பாதிக்கும் மருந்துகளைக் கட்டுப்படுத்தும் 1971-ஆம் ஆண்டின் ஐ.நா. உடன்படிக்கையில் ஆம்ஃபெடமைன், மெதில்ஃபெனிடேட் போன்ற ஊக்க மருந்துகள் எல்லாம் இருக்கின்றன, மாடாஃபினில் இல்லை, அதனால் இதை எந்தப் பெட்டியில் போடுவது என்று ஒவ்வொரு நாடும் தானே முடிவு செய்துகொண்டது. அமெரிக்கா 1998 டிசம்பரில் அனுமதி கொடுத்துவிட்டு, கட்டுப்பாட்டுக்கு உட்பட்ட மருந்துகளின் நான்காம் அட்டவணையில் சேர்த்தது. அங்கே டாக்டர் எழுதும் மருந்துச் சீட்டுக்கு ஆறு மாதம்தான் ஆயுள், அதற்குள் ஐந்து முறைக்கு மேல் மறுபடி வாங்க முடியாது. பிரிட்டனில் சீட்டு இல்லாமல் விற்பது குற்றம், ஆனால் போதைப்பொருள் சட்டத்துக்குள் இது வராது. ஜப்பானில் முதல் வகை சைக்கோட்ரோபிக், அதாவது மனதைப் பாதிப்பதால் கட்டுப்பாட்டில் வைத்திருக்கும் மருந்து. அதே ஜப்பானுக்கு ஆம்ஃபெடமைன் மாத்திரையை, சொந்த ஊர் டாக்டரின் சீட்டே இருந்தாலும், கொண்டு போகவே கூடாது. பயணம் போகிறவர்களிடம் நான் சொல்வது இவ்வளவுதான்: மாத்திரையை அதன் சொந்த டப்பாவிலேயே வையுங்கள், சீட்டின் நகலும் டாக்டரின் கடிதமும் கூடவே இருக்கட்டும், கிளம்புவதற்கு முன் அந்த நாட்டுத் தூதரகத்தில் கேட்டுவிடுங்கள்.

ஆனால் அட்டவணையைவிட எங்களை அதிகம் கட்டிப்போடுவது லேபிளில் ‘எதற்காக’ என்று இருக்கும் அந்த வரிதான். அமெரிக்க லேபிளில் மூன்று காரணங்கள்: நார்கோலெப்ஸி (பகலில் அடக்க முடியாமல் தூக்கம் வந்து அமுக்கும் நோய்), தூக்கத்தில் மூச்சடைப்பு உள்ளவர்களுக்குப் பகலில் மிச்சமிருக்கும் தூக்கக் கலக்கம், ஷிப்ட் வேலையால் வரும் தூக்கக் கோளாறு. வேறு காரணத்துக்கு டாக்டர் எழுதிக் கொடுக்கலாம், அது அவர் பொறுப்பு. நிறுவனம் அப்படிச் சொல்லி விற்கக் கூடாது. அதனால்தான் விற்பனைப் பிரதிநிதியிடம் டாக்டர் லேபிளில் இல்லாத எதையாவது கேட்டால், அவர் வாயைத் திறக்காமல் ஒரு படிவத்தை நிரப்பி எங்களுக்கு அனுப்ப வேண்டும். கேள்வி டாக்டரின் சொந்த வார்த்தைகளில் இருக்க வேண்டும், கீழே அவர் கையெழுத்து. நாங்கள் கேட்டதற்கு மட்டும் பதில் எழுதுவோம், ஒரு வரி கூடுதலாகக் கிடையாது.

இந்தப் படிவங்களைப் படித்துப் படித்து ஒரு மூக்கு வந்துவிடுகிறது. வெவ்வேறு டாக்டர்கள் பெயரில், ஒரே ஏரியாவிலிருந்து, ‘பொதுவான களைப்புக்குக் கொடுக்கலாமா’ என்று ஒரே வாக்கியம் ஒரே எழுத்துப்பிழையோடு வந்தால், கேட்டது யார் என்று யோசிக்க வேண்டியதில்லை. பதில் எழுதாமல், நிறுவனத்தில் விதிமீறல்களைக் கவனிக்கும் கம்ப்ளையன்ஸ் ஆட்களுக்குத் தள்ளிவிடுவோம். அதிகப்படியான கெடுபிடி என்று பிரதிநிதிகள் முணுமுணுப்பார்கள். இதே மருந்து உட்பட மூன்று மருந்துகளை லேபிளில் இல்லாத காரணங்களுக்குத் தள்ளி விற்றதற்காக செஃபலான் நிறுவனம் 2008-இல் 42.5 கோடி டாலர் கட்ட ஒப்புக்கொண்டது என்பதை நினைத்தால் எனக்கு அது கெடுபிடியாகத் தெரிவதில்லை.

என்னை அதிகம் யோசிக்க வைத்தது ஷிப்ட் விஷயம். இரவு வேலை செய்யும் 209 பேரை வைத்து நடந்த ஒரு சோதனை 2005-இல் வெளியானது. வேலைக்கு முன் 200 மில்லிகிராம் எடுத்தவர்கள் தூங்கிப்போக ஆகும் நேரம் சுமார் 2 நிமிடத்திலிருந்து 3.8 நிமிடமானது. அவ்வளவுதான், தூக்கக் கலக்கம் அப்படியே இருந்தது என்றே சொல்லலாம். ஆனால் வீடு திரும்பும் வழியில் விபத்தோ விபத்துக்கு நெருக்கமான சம்பவமோ நடந்ததாகச் சொன்னவர்கள் மருந்தே இல்லாத வெற்று மாத்திரை எடுத்த குழுவில் 54 சதவீதம், மருந்துக் குழுவில் 29. அமெரிக்காவில் ஷிப்ட் காரணம் லேபிளில் இன்னும் இருக்கிறது. ஐரோப்பிய மருந்து முகமை 2010-இல் கடுமையான தோல் பாதிப்புகளையும் மனநலப் பாதிப்புகளையும் எடை போட்டுப் பார்த்து, நார்கோலெப்ஸி தவிர மற்றதை எல்லாம் எடுத்துவிடச் சொன்னது. ஒரே ஆள், ஒரே கொட்டாவி. கடலுக்கு ஒரு பக்கம் நோயாளி, மறுபக்கம் களைத்துப்போன தொழிலாளி. இரண்டு தரப்பின் நியாயமும் எனக்குப் புரிகிறது, ஆனால் அந்த 54-ஐ நினைத்தால் ஐரோப்பியப் பதிலில் எனக்கு முழுத் திருப்தி இல்லை.

சரி, சீட்டே வேண்டாம், நெட்டில் வாங்கிக்கொள்கிறோம் என்பவர்கள் இருக்கிறார்களே, அவர்கள் கேட்காத கேள்வி ஒன்று உண்டு. இந்த மருந்து கருத்தடை மாத்திரைகளின் வேலையைக் குறைத்துவிடும். மருந்தை நிறுத்திய பிறகும் ஒரு மாதம் வேறு தடுப்பு முறை வேண்டும் என்கிறது அமெரிக்க லேபிள், ஐரோப்பியக் குறிப்பில் இரண்டு மாதம். கர்ப்ப காலத்திலும் எடுக்கக் கூடாது என்கிறது ஐரோப்பா, பிறவிக் குறைபாடுகள் பற்றிய சந்தேகம் இருப்பதால். கவுண்டருக்குப் பின்னால் ஒரு மருந்தாளுநர் நின்றிருந்தால் இதைச் சொல்லியிருப்பார். உறையில் வந்து விழும் அட்டை எதையும் சொல்லாது. பரீட்சைக்குப் படிக்கிறேன், எத்தனை மாத்திரை எடுக்கலாம் என்று கேட்டு வரும் மின்னஞ்சலுக்கு அளவு பற்றி நாங்கள் பதில் தருவதில்லை, டாக்டரைப் பாருங்கள் என்பதோடு இந்தக் கருத்தடை விஷயத்தை மட்டும் கேட்காமலே சேர்த்துவிடுகிறேன். ‘கேட்டதற்கு மட்டும் பதில்’ விதி பாதுகாப்பு எச்சரிக்கைக்குப் பொருந்தாது.

அப்புறம் மனிதவளத் துறையிலிருந்து வரும் கடிதங்கள். ‘எங்கள் இரவு ஷிப்ட் ஊழியர்களுக்கு மொத்தமாகக் கொடுக்க முடியுமா?’ என்று மிகவும் மரியாதையாகக் கேட்பார்கள். முடியாது, சீட்டு என்பது டாக்டர் பரிசோதித்த ஒரு ஆளுக்கு எழுதுவது, நிறுவனத்துக்கு எழுதுவது அல்ல என்று பதில் போடுவேன். மறுநாளே திரும்ப வரும்: ‘எங்கள் கம்பெனி டாக்டர் ஆளுக்கொன்று எழுதிக் கொடுத்தால்?’ ஒவ்வொருவரையும் தனித்தனியாகப் பார்த்து, கோளாறு இருக்கிறது என்று அவர் முடிவு செய்தால் அது அவருக்கும் அந்த ஊழியருக்கும் இடையிலான விஷயம், யார் யார் எடுக்கிறார்கள் என்று நீங்கள் பட்டியல் வைக்க நினைத்தால் முதலில் உங்கள் வக்கீலைக் கேளுங்கள் என்று எழுதுவேன். அதற்கு மேல் கடிதம் வருவதில்லை.