இசை எங்கே வரக்கூடாது

குறும்படங்களுக்கு இசையமைக்கிறேன். படத்தொகுப்பு முடிந்து காட்சிகள் என்னிடம் வரும்போதே யாருடைய இசையையாவது அடியில் ஒட்டி, 'இதே மாதிரி வேண்டும்' என்பார்கள். அப்படி ஒட்டி வருவதில் பிரிட்டிஷ் இசையமைப்பாளர் மீக்கா லெவியின் வயோலாவுக்கு (வயலினைவிடச் சற்றே பெரிய தந்தி வாத்தியம்) தனி மவுசு. கேட்டால் எனக்கு எரிச்சல் வரும். அவர் மேல் அல்ல.

லண்டன் கில்ட்ஹால் இசைக் கல்லூரியில் இசையமைப்பு படித்தவர் லெவி. மீக்காச்சு என்ற பெயரில் இசைக்குழு நடத்திய காலத்தில் வேக்குவம் கிளீனரைக்கூட வாத்தியமாக்கியிருக்கிறார். 2013-இல் வந்த 'அண்டர் தி ஸ்கின்'தான் அவர் இசையமைத்த முதல் திரைப்படம். கிளாஸ்கோ தெருக்களில் வேன் ஓட்டிக்கொண்டு ஆண்களைத் தேடுகிறாள் ஒரு வேற்றுக்கிரகவாசி. மயங்கி அவள் பின்னால் வருகிறவன் கருப்புத் தரையில் நடக்க நடக்க அமிழ்கிறான். அமிழ்வது அவனுக்கே உறைக்கவில்லை. அடியில் நிதானமாக ஒரு கொட்டு, மேலே வயோலாவில் மூன்றே ஸ்வரம். நரம்பில் வில் உராய்வதுகூடக் காதில் விழுகிறது. நம் வயலினில் ஒரு ஜாரு, அதாவது ஸ்வரத்திலிருந்து ஸ்வரத்துக்கு ஒரு வழுக்கல், விழுந்தால் அதற்கு ராகம் காவல் இருக்கும். இங்கே காவல் கிடையாது, சறுக்கினால் சறுக்கியதுதான். படம் போகப் போக, அவள் மாற மாற, அந்த மெட்டின் பிடியும் தளர்கிறது. மூன்று ஸ்வரத்தை வெட்டி ஒட்டுகிறவர்கள் இந்தத் தளர்ச்சியை விட்டுவிடுகிறார்கள்.

ஆஸ்கர் பரிந்துரை வாங்கித் தந்த, கென்னடி கொலைக்குப் பின் அவர் மனைவியின் கதையான 'ஜாக்கி' (2016) எனக்கு அவ்வளவாக ஒட்டவில்லை. துக்கத்துக்கு அழகு கொஞ்சம் கூடிவிட்டது. கொலம்பிய மலைகளில் எடுத்த 'மோனோஸ்' (2019) தேவலை: பாட்டில் வாயில் ஊதிய சீழ்க்கை, டிம்பனி என்ற பெரிய முரசு, பெரிய பெரிய மௌனங்கள்.

ஆனால் 'தி ஜோன் ஆஃப் இன்டரஸ்ட்' (2023) வேறு ரகம். நாஜிகளின் ஆஷ்விட்ஸ் கொலை முகாமின் மதிலை ஒட்டிய வீட்டில் முகாமின் தளபதி ஹோஸின் குடும்பம் தோட்டம் போட்டு வாழ்கிறது. மதிலுக்கு அப்பால் நடப்பதைக் காதுதான் பார்க்கிறது. அந்த ஒலிக்காக ஒலிக் கலைஞர்கள் ஜானி பர்னும் டார்ன் வில்லர்ஸும் ஆஸ்கர் வாங்கினார்கள். அந்த வீட்டுக்குள் வயலின் நுழைந்திருந்தால், எங்கே பதற வேண்டும் என்று அதுவே நமக்குச் சொல்லிக் கொடுத்திருக்கும். அதனால் லெவியின் இசை வாசலோடு நின்றுவிடுகிறது: தொடக்கத்தில், முடிவில், இடையே வெப்பக் கேமராவில் எடுத்த இரவுக் காட்சிகளில்.

படம் தொடங்கியதும் தலைப்பின் எழுத்துகள் மெல்லக் கரைகின்றன. பிறகு இரண்டு நிமிடத்துக்கும் மேலாக வெறும் கருப்புத் திரை. கீழே கீழே இறங்கும் குரல்கள். கண்ணுக்கு வேலையில்லாததால் காது கூர்மையாகிவிடுகிறது. அப்புறம் பறவைச் சத்தம், ஆற்றங்கரை, வெயில். அதற்குள் நாம் ஒவ்வொரு சத்தத்தையும் சந்தேகிக்கப் பழகியிருப்போம். இசையமைப்பாளர் இரண்டு நிமிடத்தில் முடித்துவிட்ட வேலை அது.

முடிவில் பெயர்கள் ஓடும்போது அலறலா பாட்டா என்று பிரிக்க முடியாத கூட்டுக்குரல் எழும். நம் தியேட்டர்களில் அந்நேரம் விளக்கைப் போட்டுக் கதவைத் திறந்துவிடுவார்கள். வீட்டில் பார்க்கிறவர்களாவது ஹெட்போன் மாட்டிக்கொண்டு கடைசிப் பெயர்வரை உட்காருங்கள்.