வெயிட்டுக்கு யோகோசுனா

மலருக்கு ஏதாவது எழுதித் தாருங்கள் என்று பள்ளியின் பழைய மாணவர் சங்கத்தில் கேட்டதும் ஹெட்மாஸ்டர், ஆண்டு விழா, மைதானத்து வேப்பமரம் எல்லாம் வரிசையாக நினைவுக்கு வந்தன. அவற்றை மற்றவர்கள் எழுதிவிடுவார்கள். நான் எழுத நினைப்பது ஒரு டிரம்ப் கார்டைப் பற்றி. 1993இல் எட்டாம் வகுப்பு 'பி' பிரிவில் கடைசி பெஞ்சில் இருந்தவர்களுக்கு இந்நேரம் புரிந்திருக்கும்.

பாளையங்கோட்டையில் எங்கள் பள்ளி வாசலுக்கு எதிரே இருந்த பெட்டிக்கடையில் டபிள்யூ.டபிள்யூ.எஃப். என்ற அமெரிக்க மல்யுத்தக் கம்பெனி வீரர்களின் கார்டு கட்டு தொங்கும். ஒவ்வொரு கார்டிலும் ஒரு வீரர் படம், ஹைட், வெயிட், செஸ்ட், பைசெப்ஸ், ரேங்க். முறை வந்தவன் ஒன்றைச் சொல்லுவான். பெரிய எண் வைத்திருப்பவனுக்கு அடுத்தவன் கார்டு போய்விடும். யோகோசுனா கைக்கு வந்தால் யோசிக்கவே வேண்டாம். 'வெயிட்!' என்று கத்திக்கொண்டே பெஞ்சில் கார்டை அடிப்போம். ஐந்நூறு பவுண்டுக்கு மேல். எங்கள் கட்டில் அதை வெட்ட ஆளே இல்லை.

எங்கள் வகுப்பில் கொஞ்சம் கனத்த உடம்போடு ஒருவன் இருந்தான். என் பக்கத்தில்தான் உட்காருவான். அவனுக்கு 'யோகோ' என்று பெயர் வைத்தது நான். ஒரே வாரத்தில் பள்ளி முழுக்க அந்தப் பெயர் பரவிவிட்டது. பி.டி. பீரியடில் மணலில் ஒருவனைப் படுக்கப் போட்டு, அவன் மேல் போய் உட்காரச் சொல்லி இவனைத் தள்ளுவார்கள். அவனும் சிரித்துக்கொண்டே செய்வான். ஒருநாள் செய்ய மாட்டேன் என்று சொல்லிவிட்டான். அப்புறம் இரண்டு நாள் பள்ளிக்கு வரவில்லை. ஏன் என்று நான் கேட்கவும் இல்லை.

கேபிள் வந்த புதிது அது. தெருவில் இரண்டு வீட்டில்தான் கனெக்‌ஷன். இடுப்பில் சுமோ வீரர் போலத் துணி கட்டி, உப்பை வாரி இறைத்துக்கொண்டு யோகோசுனா வருவார். கூடவே கையில் ஜப்பான் கொடியோடு அவருடைய மேனேஜர் மிஸ்டர் ஃபூஜி. மேடையின் மூலைக் கயிற்றில் ஏறி, கீழே கிடப்பவர் நெஞ்சின் மேல் அப்படியே உட்காருவார். பார்க்கிற எங்களுக்கே மூச்சு முட்டும்.

அவர் ஜப்பான்காரர் இல்லை என்பது எனக்குத் தெரிய வெகுநாள் ஆயிற்று. சொந்தப் பெயர் ராட்னி அனோவாய். 1966 அக்டோபர் 2ஆம் தேதி சான் பிரான்சிஸ்கோவில் பிறந்தவர், சமோவா வம்சம். மாமன் மச்சான் என்று குடும்பமே மல்யுத்தம்தான். அஃபா, சிகா என்ற குடும்பத்துப் பெரியவர்கள்தான் தொழில் கற்றுக் கொடுத்தார்கள். அந்த சிகாவின் மகன்தான் இன்று உங்கள் பிள்ளைகள் பார்க்கிற ரோமன் ரெய்ன்ஸ். யோகோசுனா என்பது சுமோவில் ஆக உயர்ந்த பட்டம். கம்பெனி அதையே இவருக்குப் பெயராக வைத்துவிட்டது.

1993 ஜனவரி 24 அன்று, பல வீரர்கள் ஒரே மேடையில் மோதும் ராயல் ரம்பிள் போட்டியை யோகோசுனா வென்றார். நாலே நாளில், 28ஆம் தேதி, பாரிஸில் ஓர் ஓட்டல் அறையில் ராட்சத உடம்புக்குப் பெயர்போன மல்யுத்த வீரர் ஆந்த்ரே தி ஜெயன்ட் தூக்கத்திலேயே இறந்துபோனார். அப்பாவின் இறுதிச் சடங்குக்காகப் போயிருந்த மனிதர், வயது 46. ஒரு மலை சாய்ந்த வாரத்தில்தான் இன்னொரு மலை எழுந்தது. இப்போது இந்த இரண்டு தேதிகளையும் பக்கத்தில் வைத்துப் பார்த்தால் எனக்கு என்னவோ செய்கிறது.

ஏப்ரல் 4, லாஸ் வேகாஸ். ஃபூஜி உப்பை வீசி அப்போதைய சாம்பியன் பிரெட் ஹார்ட்டின் கண்ணை மறைக்க, யோகோசுனா சாம்பியன் ஆனார். அதே மேடையில் உடனே ஹல்க் ஹோகன் ஏறி 22 விநாடியில் பட்டத்தைப் பறித்தார். ஜூனில் இவர் அதைத் திரும்ப வாங்கினார். அப்போது வயது 26. அந்த உடம்போடு அவர் அசைகிற வேகமும், கீழே கிடப்பவருக்கு எலும்பு முறியாமல் உட்காருகிற நிதானமும் பெரிய வித்தை என்று இன்று தோன்றுகிறது. நாங்கள் பார்த்ததெல்லாம் எடையை மட்டும்தான்.

அந்த எடையும் ஏறிக்கொண்டே போயிற்று. 1993இல் 505 பவுண்டு, அதாவது 229 கிலோ, என்று மேடையில் அறிவித்தார்கள். இரண்டே ஆண்டில் அறிவிப்பு 600ஐத் தாண்டியது. ஒவ்வொரு முறை எண் கூடும்போதும் கூட்டம் வாயைப் பிளந்தது. 1996இல் எடையைக் குறைக்க டியூக் பல்கலைக்கழகத்துச் சிகிச்சைக்கு அனுப்பினார்கள், பலன் நிற்கவில்லை. அந்த ஆகஸ்டில் ஸ்டீவ் ஆஸ்டினோடு மோதியபோது, அவர் ஏறிய மூலையில் கயிறு அறுந்து விழுவதாக ஒரு காட்சி வைத்தார்கள். பார்த்தவர்கள் சிரித்தார்கள். என்னால் அதை இப்போது பார்க்க முடியவில்லை. கடைசியில் நியூயார்க் மாநில மருத்துவப் பரிசோதனையில் தேறாமல் 1998இல் வேலையும் போயிற்று. சிறிய குழுக்களோடு ஊர் ஊராகச் சுற்றினார்.

2000 அக்டோபர் 23. இங்கிலாந்துச் சுற்றுப்பயணத்தில் லிவர்பூல் ஓட்டல் அறையில் இறந்து கிடந்தார். நுரையீரலில் நீர் கோத்திருந்தது. எடை 580 பவுண்டு, 263 கிலோ. 34 வயது முடிந்து மூன்று வாரம்.

பிரவுசிங் சென்டரில் உட்கார்ந்து எங்கள் எல்லோருக்கும் அந்தச் செய்தியை மெயில் போட்டவன் அவன்தான், என் பக்கத்து பெஞ்சுக்காரன். 'எலே, யோகோ செத்துப் போயிட்டாருலே. 34 வயசுதான்.' நாங்கள் யாரும் அதுவரை அவரை 'ர்' போட்டுச் சொன்னதில்லை.

வேலை என்னைக் கொண்டுவந்து சேர்த்த ஊர் லிவர்பூலிலிருந்து அரைமணி நேரத் தூரம். போன அக்டோபரில் ஒரு சாயங்காலம் மெர்சி ஆற்றங்கரையில் நடந்துகொண்டிருந்தேன். நல்ல குளிர். அங்கிருந்தே ஷார்ஜாவுக்கு அவனைக் கூப்பிட்டேன். எந்த ஊரில் நிற்கிறேன் என்று சொன்னேன். அந்தப் பெயரை வைத்தது நான்தான், மன்னித்துக்கொள் என்றும் சொன்னேன். முப்பது வருடத்தில் முதல் தடவையாக.

கொஞ்ச நேரம் சத்தமே இல்லை. லைன் போய்விட்டதோ என்று பார்த்தேன்.

'அந்தக் கார்டு இன்னும் எங்கிட்டதாம்ல இருக்கு' என்றான். 'வெயிட்டுல செயிச்சு உங்கிட்ட இருந்து வாங்குனது.'