கேம் கிளிப் எத்தனை விநாடி இருக்க வேண்டும்? மூன்று வாரம் அளந்து பார்த்தேன்

வாலரண்ட் என்ற துப்பாக்கிச் சண்டை கேமில் என் அணியில் நான் ஒருவன்தான் மிச்சம், எதிரே மூன்று பேர். அந்த ரவுண்டை ஜெயித்தேன். எதிரணி வைத்த ஸ்பைக் என்ற குண்டையும் டிஃப்யூஸ் செய்தேன், அதாவது செயலிழக்க வைத்தேன். படபடப்பு கொஞ்சம் அடங்கியதும் விண்டோஸ் கீ, ஆல்ட், ஜி மூன்றையும் சேர்த்து அழுத்தினேன். விண்டோஸோடு வரும் கேம் பாரில் பின்னணிப் பதிவு ஏற்கெனவே ஆன் செய்து வைத்திருந்ததால், கடைசி 30 விநாடி அப்படியே வீடியோஸ் ஃபோல்டருக்குள் இருக்கும் கேப்சர்ஸில் வந்து விழுந்தது. உடனே சித்தி பையனுக்கு அனுப்பினேன்.

“அண்ணா, மூணு பேருன்னீங்க. இதுல ஒருத்தன்தானே விழறான்?”

திறந்து பார்த்தேன், அவன் சொன்னது சரி. கிளிப் தொடங்கும்போதே இரண்டு பேர் தரையில் கிடக்கிறார்கள். நான் பெட்டிக்குப் பின்னால் குந்தியிருக்கிறேன். மூன்றாமவன் வருகிறான், சுடுகிறேன், டிஃப்யூஸ். அதற்கு மட்டும் 7 விநாடி. மீதி முழுக்க வெற்றித் திரை, நண்பர்கள் கத்துவது, அடுத்த ரவுண்டுக்குத் துப்பாக்கி வாங்கும் திரை. நான் யாருக்காவது காட்ட வேண்டும் என்று நினைத்த அந்த முதல் இரண்டு பேர் எங்குமே இல்லை.

எனக்கு அது உண்மையிலேயே வருத்தமாக இருந்தது. அப்படி ஒரு ரவுண்டு எனக்கு மாதத்துக்கு ஒன்று வந்தாலே பெரிது. அன்று இரவே ஒரு நோட்டை எடுத்து, இதை ஒழுங்காகக் கண்டுபிடித்துவிடுவது என்று உட்கார்ந்தேன்.

முதலில் எளிய வழி. விண்டோஸ் செட்டிங்ஸில் கேமிங், அதற்குள் கேப்சர்ஸ். “நடந்ததைப் பதிவு செய்” என்ற பொருளில் ஒரு சுவிட்ச் இருக்கிறது, அதன் கீழே நீளம். 15 விநாடி, 30 விநாடி, 1 நிமிடம், 3 நிமிடம், 5 நிமிடம், 10 நிமிடம். இவ்வளவுதான், நடுவில் வேறு எண் கொடுக்க முடியாது. அதே பக்கத்தில் இன்னொரு நீளமும் இருக்கிறது, அதிகபட்சப் பதிவு நேரம் என்று. நாமே தொடங்கி நாமே நிறுத்தும் நீண்ட பதிவுக்கு உரியது அது, இயல்பாக 2 மணி நேரத்தில் இருக்கும். அதை மாற்றினால் “கடைசி சில விநாடி” கிளிப் நீளமாகாது. முதல் நாள் நான் மாற்றியது அதைத்தான். ஒரு மாலை முழுக்க 30 விநாடிக் கிளிப்பே வந்துகொண்டிருந்தது.

சரி, 1 நிமிடம் வைத்தேன். பரவாயில்லை, ஆனால் சில ரவுண்டுகளில் தொடக்கம் வெட்டுப்பட்டது. 3 நிமிடம் வைத்தேன். எல்லாமே கிடைத்தது. ஆனால் அதில் பாதிக்கு மேல் நான் செத்துப்போன முந்தைய ரவுண்டு. ஒரு மாலையில் ஒன்பது கிளிப் சேர்ந்தால் 27 நிமிடம் உட்கார்ந்து பார்த்து வெட்ட வேண்டும். எனக்குத் தேவை 1 நிமிடத்துக்கும் 3 நிமிடத்துக்கும் நடுவில் எங்கோ இருந்தது. அதனால் திரையைப் பதிவு செய்யும் ஓபிஎஸ் என்ற மென்பொருளுக்கு வந்தேன்.

ஓபிஎஸ்ஸில் இதன் பெயர் ரீப்ளே பஃபர். செட்டிங்ஸில் அவுட்புட், அதில் அட்வான்ஸ்டு முறைக்கு மாற்றினால் ரீப்ளே பஃபருக்குத் தனி டேப் இருக்கும். நீளத்தை விநாடிக் கணக்கில் நாமே எழுதலாம், 47 என்றால் 47. பதிவாகும் படம் டிஸ்க்குக்குப் போகாது, ரேமில் சுழன்றுகொண்டே இருக்கும். புதியது வர வரப் பழையது வெளியே தள்ளப்படும். சேமிக்கும் கீயை அழுத்திய அந்தக் கணத்தில் ரேமில் இருப்பது ஃபைலாகிறது. சேமித்த பிறகும் பஃபர் காலியாவதில்லை, ஓடிக்கொண்டேதான் இருக்கும். இரண்டு முறை அடுத்தடுத்து அழுத்தினால் இரண்டு ஃபைலிலும் பொதுவான பகுதி இருக்கும். இன்னொன்றும் சொல்லிவிடுகிறேன். செட்டிங்கில் டிக் செய்வது மட்டும் போதாது, விளையாடும் முன் முகப்பில் ரீப்ளே பஃபரைத் தொடங்கும் பட்டனையும் அழுத்த வேண்டும். சேமிக்கும் கீயாக ஸ்க்ரோல் லாக்கை வைத்தேன், நான் ஆடும் எந்த கேமும் அதைக் கேட்பதில்லை.

முதல் சனிக்கிழமை தாராளமாக 180 விநாடி கொடுத்துத் தொடங்கினேன். மாலையில் பார்த்தால் ஒரு கிளிப்கூட 180 இல்லை. ஒன்று 2 நிமிடம் 20 விநாடி, இன்னொன்று 2 நிமிடம் 41, மற்றொன்று 2 நிமிடம் 8. ஏன் என்று புரியவில்லை. ஃபோல்டரில் விவரங்களைப் பக்கம் பக்கமாக வைத்துப் பார்த்தபோதுதான் தெரிந்தது: நீளம் வேறு வேறு, ஆனால் எல்லா ஃபைலின் அளவும் கிட்டத்தட்ட ஒன்று, 510 எம்பிக்கு அருகில்.

அதே டேபில் விநாடிக்குக் கீழே அதிகபட்ச மெமரி என்று ஒரு கட்டம் இருந்தது. அதில் 512 என்று இருந்தது. நான் தரத்தை சிக்யூபி முறையில் வைத்திருந்தேன், படத்தின் தரத்தை ஒரே அளவில் வைத்திருக்கும் முறை அது. அந்த முறையில் பிட்ரேட், அதாவது ஒரு விநாடிக்கு ஆகும் டேட்டா, நிலையாக இருக்காது. புகை, வெடிப்பு, வேகமான திருப்பம் வந்தால் டேட்டா கூடும், சுவரைப் பார்த்து நின்றால் குறையும். எவ்வளவு ரேம் ஆகும் என்று ஓபிஎஸ்ஸால் முன்கூட்டியே சொல்ல முடியாது என்பதால், ஒரு மேல்வரம்பைக் கேட்கிறது. விநாடி, மெமரி, இந்த இரண்டில் எது முதலில் நிறைகிறதோ அங்கேயே பழையது கழிக்கப்படும். கணக்குப் போட்டால் அப்படியே பொருந்துகிறது: என் பதிவு சராசரியாக 30 எம்பிபிஎஸ் (விநாடிக்கு 30 மெகாபிட்), அந்த வேகத்தில் 512 எம்பி நிறைய 140 விநாடி சொச்சம். பரபரப்பான சண்டை நடந்த கிளிப்தான் மிகவும் குட்டையாக வந்திருந்தது. எது நீளமாக வேண்டுமோ அதுவே குறைந்திருந்தது. நீளம் வைப்பவர்கள் பிட்ரேட்டையும் சேர்த்தே கணக்கிட வேண்டும் என்று நோட்டில் கோடு போட்டு எழுதினேன்.

சிபிஆர் போன்ற நிலையான பிட்ரேட் என்றால் கணக்கு எளிது. எம்பிபிஎஸ்ஸை விநாடியால் பெருக்கி எட்டால் வகுக்க வேண்டும் (8 பிட் சேர்ந்தால் ஒரு பைட்). 12 எம்பிபிஎஸ், 60 விநாடி என்றால் 90 எம்பி. 20 எம்பிபிஎஸ்ஸில் 10 நிமிடம் வைத்தால் 1500 எம்பி. என் கணினியில் இருப்பதே 8 ஜிபி ரேம், கேமும் அதில்தான் ஓட வேண்டும். அதனால் “எதற்கும் 10 நிமிடம் இருக்கட்டும்” என்பது எனக்கு ஒத்துவராது.

அடுத்த வாரம்தான் இந்த முயற்சியிலேயே எனக்கு மிகவும் பிடித்த பகுதி. கிளிப் எவ்வளவு நீளம் என்று யோசிப்பதை நிறுத்திவிட்டு, நான் எப்போது அழுத்துகிறேன் என்று அளந்தேன். ஒவ்வொரு கிளிப்பிலும் முக்கியமான விஷயம் நடந்து முடிந்த விநாடியிலிருந்து கிளிப்பின் கடைசி விநாடி வரை எத்தனை என்று எழுதினேன். சாதாரண கில் என்றால் 4, 5. ரவுண்டு ஜெயித்தால் 9, 12. நண்பர்களோடு பேச்சில் மூழ்கியிருந்த ஒரு முறை 19. விஷயம் எவ்வளவு பெரிதோ அவ்வளவு தாமதமாக அழுத்துகிறேன். அதாவது எந்தக் கிளிப் எனக்கு மிகவும் முக்கியமோ, அதில்தான் தொடக்கம் அதிகமாகத் தொலைகிறது. முதல் நாள் அந்த மூன்று பேர் ரவுண்டில் நடந்ததும் இதுதான்.

சீக்கிரம் அழுத்தப் பழகலாமே என்று இரண்டு நாள் முயன்றேன். அது இன்னும் மோசம். அழுத்திய கணத்தோடு கிளிப் முடிந்துவிடுகிறது. கடைசி ஆள் விழுந்ததும் அழுத்தினால், நண்பன் மைக்கில் “டேய்ய்ய்” என்று இழுக்கும் அந்தக் குரல் இல்லை. பின்னால் போட்டுப் பார்க்கும்போது எனக்கு வேண்டியிருப்பது அந்தக் குரலும்தான். அதனால் தாமதம் இருக்கட்டும், அதற்கும் சேர்த்து நீளம் வைப்போம் என்று முடிவு செய்தேன்.

இப்போது கணக்கு தானாக வந்தது. வாலரண்டில் ஸ்பைக் வைத்தால் 45 விநாடியில் வெடிக்கும். ஆக வைத்த பிறகு நடக்கும் எந்தக் கதையும் 45 விநாடிக்குள் முடிந்தாக வேண்டும். அதற்கு முன்னால் யார் எங்கே நிற்கிறார்கள் என்று பார்ப்பவருக்குப் புரிய 15 விநாடி. என் தாமதம் 12. மொத்தம் 72. கொஞ்சம் மிச்சம் விட்டு 80 வைத்தேன். 30 எம்பிபிஎஸ்ஸில் 80 விநாடிக்கு 300 எம்பிதான், 512-க்குள் நிம்மதியாக அடங்குகிறது. விநாடி எண்ணை மாற்றும் முன் பஃபரை நிறுத்த வேண்டும், ஓடும்போது அந்தப் பகுதி பூட்டியிருக்கும்.

80 வைத்தும் கிளிப்கள் 80 வரவில்லை. 77, 79, ஒரு முறை 76. இந்த முறை மெமரி காரணமில்லை, ஃபைல்கள் சிறியவை. காரணம் தற்செயலாக வெட்டும்போது தெரிந்தது. நான் லாஸ்லெஸ்கட் என்ற மென்பொருளில் வெட்டுவேன், அது வீடியோவை மறுபடி என்கோட் செய்யாமல் அப்படியே நறுக்கும். நான் குறித்த இடத்தில் அது வெட்டவில்லை, இரண்டு மூன்று விநாடி முன்னால் போய் நின்றது.

இரண்டுக்கும் ஒரே காரணம், கீஃப்ரேம். வீடியோவில் எல்லா ஃப்ரேமும் முழுப் படம் அல்ல. அவ்வப்போது ஒரு முழுப் படம் வரும், அதுதான் கீஃப்ரேம். நடுவில் இருப்பவை முந்தையதிலிருந்து என்ன மாறியது என்பதை மட்டும் வைத்திருக்கும். முழுப் படம் இல்லாத இடத்தில் வீடியோவைத் தொடங்க முடியாது. பஃபரும் பழையதைக் கழிக்கும்போது ஒரு கீஃப்ரேமிலிருந்து அடுத்த கீஃப்ரேம் வரை மொத்தமாகவே கழிக்கிறது. ஓபிஎஸ்ஸில் கீஃப்ரேம் இடைவெளியை 0 என்று விட்டால் தானாக எடுத்துக்கொள்ளும், பெரும்பாலும் அது 250 ஃப்ரேம். விநாடிக்கு 60 ஃப்ரேம் என்ற என் பதிவில் 250 ஃப்ரேம் என்பது 4 விநாடிக்குச் சற்று மேல். என் 80 ஏன் 76-க்கும் 80-க்கும் நடுவில் ஆடியது என்பது அந்த எண்ணைப் பார்த்ததும் விளங்கியது.

இடைவெளியை 1 விநாடியாக மாற்றினேன். அடுத்த கிளிப் 79, அதற்கடுத்ததும் 79. வெட்டும் இடமும் கை சொன்ன இடத்துக்கு வந்துவிட்டது. முழுப் படங்கள் கூடியதால் ஃபைல் கொஞ்சம் பெரிதாகிறது, எனக்கு அது பரவாயில்லை.

ராக்கெட் லீக் வேறு மாதிரி. கார்கள் பந்தை உதைக்கும் ஆட்டம், நான் பந்தைத் தொட்டதிலிருந்து கோல் வரை பெரும்பாலும் 8 விநாடிதான். ஆனால் கோல் விழுந்ததும் கேமே வேறு கோணத்தில் ஒரு ரீப்ளே காட்டும். எல்லோரும் பொறுமையாக இருந்தால் அது முழுதாக ஓடும், எல்லோரும் ஸ்கிப் அழுத்தினால் உடனே போய்விடும். அந்த ரீப்ளேயும் கிளிப்பில் இருந்தால்தான் அழகு என்பது என் கருத்து. அது முடியும் வரை காத்திருந்து அழுத்துகிறேன், 30 விநாடி வைத்திருக்கிறேன். இதற்கு ஓபிஎஸ்ஸில் தனி புரொஃபைல். அவுட்புட் செட்டிங்ஸ் புரொஃபைலோடு சேமிக்கப்படுவதால் ஒவ்வொரு முறையும் எண்ணை மாற்ற வேண்டியதில்லை. பஃபரை நிறுத்திவிட்டுத்தான் புரொஃபைலை மாற்ற முடியும்.

அனுப்புவதற்கு நறுக்கியே ஆக வேண்டும். எங்கள் குழு டிஸ்கார்ட் என்ற அரட்டைச் செயலியில் இருக்கிறது. அங்கே இலவசக் கணக்குக்கு 2024-இலிருந்து ஒரு ஃபைல் 10 எம்பிதான். 80 விநாடியை அதில் அடைத்தால் 1 எம்பிபிஎஸ்தான் கிடைக்கும், புகைக்குள் நிற்பவனைக் கண்டே பிடிக்க முடியாது. 25 விநாடியாக நறுக்கி, ஹேண்ட்பிரேக் என்ற மென்பொருளில் 720பி ஆக்கினால் 3 எம்பிபிஎஸ் கொடுக்கலாம். பார்க்க நன்றாகவே இருக்கிறது. எடுப்பது 80, கொடுப்பது 25 என்று வைத்துக்கொண்டேன். முழுசு என் டிஸ்க்கில் இருக்கும்.

போன வியாழக்கிழமை இரவு மறுபடி நான் ஒருவன், எதிரே இரண்டு பேர். ஸ்பைக் வைத்துவிட்டார்கள், நான் பின்வழியாகச் சுற்றிப் போனேன். முதலாமவன் படிக்கட்டில், இரண்டாமவன் ஸ்பைக்குக்குப் பக்கத்திலேயே. டிஃப்யூஸ் முடிந்து, நண்பன் கத்தி முடித்து, தண்ணீர் குடித்துவிட்டு ஸ்க்ரோல் லாக்கை அழுத்தினேன். கிளிப் 79 விநாடி. எதிரி ஸ்பைக் வைக்கும் சத்தம் கேட்பதற்கு முன்னாலேயே தொடங்குகிறது, கடைசியில் தண்ணீர் பாட்டிலை மேசையில் வைக்கும் சத்தமும் மைக்கில் விழுந்திருக்கிறது. தம்பிக்கு அனுப்பினேன்.

“இப்ப முழுசா இருக்கு அண்ணா. பின்னாடி சுத்திப் போனதுதான் சூப்பர்.”