செக்ரோலில் ஒரு பெண் பேர்

இலங்கையில் 1971 மார்ச்சில் வந்த அவசரகாலச் சட்டம் 1977 பிப்ரவரி வரை நீடித்தது. அதற்குள் தலைமன்னாரில் கப்பலேறி ராமேஸ்வரத்தில் இறங்கிய மலையகப் பெண்களில், அதாவது இலங்கைத் தேயிலைத் தோட்டங்களின் இந்திய வம்சாவளித் தமிழ்ப் பெண்களில் பலர், 1975 ஜூன் 25க்குப் பிறகு இந்தியாவிலும் ஒரு நெருக்கடிநிலைக்குள்தான் கால்வைத்தார்கள். மண்டபம் முகாம், கையில் குடும்ப அட்டை, பிறகு கூடலூர், பந்தலூர், கோத்தகிரி. தாயகம் திரும்பியோருக்கென்றே 1968இல் தொடங்கிய அரசுத் தேயிலைத் தோட்டங்கள் பலருக்கு வேலை கொடுத்தன.

வேலையோடுதான் வீடு. லயம் என்கிற அந்த வரிசை வீடு தோட்டத்துக்குச் சொந்தம். செக்ரோலில், அதாவது தோட்டத்தின் ஆள் பதிவேட்டில், அந்த வீட்டு ஆள் ஒருவராவது இருக்கவேண்டும். அப்பா படுத்துவிட்டால் பள்ளிக்கூடத்துப் பெண்ணின் பேர் அங்கே ஏறும். வாய் திறந்தால் வேலையோடு கூரையும் போகும் என்ற பயம் எந்தச் சட்டத்தையும்விட இறுக்கமாகப் பிடித்தது.

கொழுந்து ஏழு முதல் பத்து நாளுக்கொரு சுற்று எடுக்கவேண்டும். ஆள் பற்றாமல் சுற்று தள்ளினால் இலை முற்றிப் பாஞ்சி (வளர்ச்சி நின்ற மொட்டு) விழும். தொழிற்சாலை குறை சொல்லும். திட்டு விழுவதோ தேயிலை நிரையில் நிற்கிற பெண்ணுக்கு. எடை போடும்போது கூடைக்கும் மழை ஈரத்துக்கும் கழிப்பார்கள். கழிவு எவ்வளவு என்று தராசிலேயே கேட்டு, துண்டுச்சீட்டில் குறித்துவைத்தால்தான் சம்பளத்தன்று பேச இடமுண்டு. அன்றைக்கு அப்படிக் கேட்க எத்தனை பேருக்குத் துணிவிருந்திருக்கும்!

அந்தக் காலத்துச் சட்டங்களும் இரண்டு பக்கமாக இழுத்தன. 1975இல் குறைந்தபட்ச போனஸ் 8.33 சதவீதத்திலிருந்து 4 ஆகக் குறைந்தது. 1976இல் சம வேலைக்குச் சம ஊதியச் சட்டம் வந்தது. நல்ல சட்டம்தான். ஆனால் செடியை வெட்டிவிடும் கவ்வாத்து ஆணுக்கு, கொழுந்து பெண்ணுக்கு என்று வேலையையே பிரித்து வைத்திருந்தால் 'சம வேலை' எங்கிருந்து வரும்?

ஊரைப் பிரித்தது இன்னொரு வலி. 1964இல் இந்தியாவும் இலங்கையும் செய்த ஒப்பந்தம் மலையகத் தமிழரில் 5,25,000 பேரை இந்தியாவுக்கென்று ஒதுக்கியது. அண்ணன் சிலோன், தங்கை இந்தியா என்று உடைந்த குடும்பங்கள் உண்டு. பேசி முடித்த கல்யாணமும் கடலோடு நின்றது.

பழைய பாஸ்போர்ட்டும் குடும்ப அட்டையும் வீட்டில் இருந்தால் பத்திரப்படுத்துங்கள். பேத்தியின் சாதிச் சான்றிதழுக்கு இன்றும் அவை தேவைப்படலாம். அதில் உள்ள பேரும் பள்ளி மாற்றுச் சான்றிதழில் உள்ள பேரும் எழுத்துக்கு எழுத்து ஒத்துப்போகிறதா என்று முதலில் பாருங்கள். பெரும்பாலும் அப்பா பேரின் முதலெழுத்தில்தான் சிக்கல் வரும்.