பரணில் கிடந்த சிடி: மூன்றாவது ஞாயிறு

பரணில் கிடந்த சிடியில் இருக்கும் எங்கள் பழைய கேமை மீட்கிற வேலையில் இது மூன்றாவது ஞாயிறு. டிரைவ் பிரச்சினை தீர்ந்தது. என் லேப்டாப்பில் சிடி போட வழியில்லாததால் ரிச்சி தெருவில் பழைய யுஎஸ்பி டிவிடி டிரைவ் ஒன்று பிடித்தேன். கீறல் விழுந்த சிடி, நகலெடுத்தால் பாதியில் நின்றுவிடுகிறது. டிடிரெஸ்க்யூ என்ற மீட்பு மென்பொருளோ படிக்க முடிகிற பகுதிகளை முதலில் எடுத்துக்கொண்டு, அடம்பிடிப்பவற்றிடம் திரும்பத் திரும்பப் போய்வரும். இரவு ஓடவிட்டுத் தூங்கினேன். காலையில் ஒரு ஐபிஎஸ் கையில் இருந்தது (போலீஸ் இல்லை, அசல் கேமில் செய்ய வேண்டிய மாற்றங்களை மட்டும் வைத்திருக்கும் பேட்ச் கோப்பு).

2007-ல் நானும் வகுப்புத் தோழன் ஒருவனும் போக்கிமான் கிரிஸ்டல் என்ற நிண்டெண்டோ கேமை மாற்றிச் சென்னையில் நடக்கிற மாதிரி செய்ய ஆரம்பித்த கேம் அது. பாதியில் விட்டோம். போக்கிமான் பிரிசம் கதை தெரிந்தவர்களுக்கு என் கிறுக்கு புரியும். அதுவும் ரசிகர்கள் அதே கிரிஸ்டலை மாற்றிச் செய்த கேம்தான். பல வருடம் உழைத்து, 2016 டிசம்பரில் வெளியாகச் சில நாட்களே இருக்கும்போது, நிண்டெண்டோவின் வக்கீல் கடிதம் வந்து நின்றுபோனது. அப்புறம் யாரோ கசியவிட்டார்கள். எங்களுக்குக் கடிதம் எல்லாம் வரவில்லை. கேம்பஸ் இன்டர்வியூ வந்தது.

முதல் முயற்சி சொதப்பல். எந்த இடத்தில் எந்த பைட்டை மாற்றுவது என்பது மட்டும்தான் ஐபிஎஸ்ஸுக்குத் தெரியும், மூல ரோம் (அசல் கேமின் கோப்பு) சரியா என்று பார்க்காது. நான் பேட்ச்சை கிரிஸ்டலின் 1.1 பதிப்பில் ஒட்டியிருக்கிறேன். திரை முழுக்கக் குப்பை. 1.0-ல் ஒட்டியதும் ஓடியது!

மெரினா, கலங்கரை விளக்கம், சுண்டல் பையன். திரையை நிரப்பும் சின்னக் கட்டமான டைல் ஒன்றுக்கு 8-க்கு 8 புள்ளிதான், அதில் ஆங்கில எழுத்து அடங்கும், ‘ண்’ எங்கே அடங்கும்? இரண்டிரண்டு டைலாகச் சேர்த்து வரைந்திருக்கிறோம். ‘சுண்டல்’ என்பதற்கே கிட்டத்தட்ட அரை வரி போய்விடுகிறது.

கேமில் கலங்கரை விளக்கத்தின் கதவு மட்டும் திறக்கவில்லை. அப்போது நிஜ விளக்கத்திலேயே பொதுமக்கள் ஏற முடியாது, 2013-ல்தான் திரும்பத் திறந்தார்கள். கேமிலாவது ஏறிவிட வேண்டும் என்று சுழல் படிக்கட்டு, உச்சியிலிருந்து தெரியும் கடல் எல்லாம் வரைந்தது எனக்கு நன்றாக ஞாபகம் இருக்கிறது. கோப்பின் பைட்டுகளை அப்படியே காட்டும் ஹெக்ஸ் எடிட்டரில் மூன்று மணி நேரம் துழாவிவிட்டு, இப்போது பெங்களூரில் இருக்கும் அந்தத் தோழனுக்கே போன் போட்டேன்.

“டேய், உள்ள ஒண்ணுமே வைக்கலடா. கதவே சும்மா வரைஞ்சதுதான். படிக்கட்டெல்லாம் கேன்டீன்ல பேசினதோட சரி.”

பார்த்தால், அந்தக் கதவுக்கு வார்ப் பதிவே (கதவில் நுழைந்தால் எங்கே போக வேண்டும் என்ற குறிப்பு) இல்லை.

ஆனால் அவன் அம்மா வீட்டுப் பரணிலும் ஒரு சிடி உண்டாம். அடுத்த ஞாயிறு பெரம்பூர் போகிறேன்.