ஜெருசலேமுக்குப் பந்தயம் கட்டியவரின் வாசலில்

டப்ளின் பயணத்தின் செலவுக் கணக்கை நாள்வாரியாக எழுதுகிறேன் என்று போன பதிவில் சொல்லியிருந்தேன். அது அப்புறம். செயின்ட் ஸ்டீபன்ஸ் கிரீன் பூங்காவின் தெற்குப் பக்கத்தில் இருக்கும் 86-ம் எண் வீட்டைப் பற்றி எழுதாமல் எனக்கு வேறு எதுவும் ஓடாது.

சாம்பல் நிறக் கல் முகப்பு. வாசலுக்கு மேலே ஒரு சிங்கம் படுத்திருக்கிறது. ரிச்சர்ட் சாப்பல் வேய்லி என்ற பெரும் பணக்காரருக்காக 1765-ல் கட்டிய வீடு இது. கத்தோலிக்கத் தேவாலயங்களைக் கொளுத்தியவர் என்று பெயரெடுத்ததால், 'பர்ன் சாப்பல்' (தேவாலயத்தைக் கொளுத்து) என்றே ஊர் அவரைக் கூப்பிட்டது. அவருடைய இந்த வீட்டில்தான் பிற்காலத்தில் ஜான் ஹென்றி நியூமன் என்ற பாதிரியாரின் கத்தோலிக்கப் பல்கலைக்கழகம் நடந்தது! எழுத்தாளர் ஜேம்ஸ் ஜாய்ஸ் இங்கேதான் படித்தார். இப்போது இலக்கிய அருங்காட்சியகமாக இருக்கிறது. உள்ளே போகக் கட்டணம் உண்டு, கொடுக்கலாம்.

நான் தேடிப் போனது ரிச்சர்ட் வேய்லியின் மகன் தாமஸை. ஊருக்கு அவர் 'பக்' வேய்லி. குடி, சூது, சண்டை என்று திரிந்த பணக்கார இளைஞர்களை அன்றைய டப்ளினில் 'பக்' என்பார்கள். சின்ன வயதிலேயே அப்பா போய்விட்டார். மகனுக்குக் கிடைத்தது ஆண்டுக்குச் சுமார் 7,000 பவுண்டு தரும் நிலம். பதினாறு வயதில் ஒரு ஆசிரியரைத் துணைக்குக் கொடுத்து பிரான்சுக்கு அனுப்பினார்கள். அங்கே ஒரே இரவில் சூதாட்டத்தில் 14,000 பவுண்டுக்கு மேல் தோற்றார். இரண்டு வருட வருமானம், ஒரே இரவில்! குத்தகைக்காரர்கள் உழைத்துக் கட்டிய பணம் அது. அந்த வாசலில் நின்றபோது எனக்கு முதலில் வந்தது கோபம்தான். இத்தனைக்கும் பிறகு, இருபது வயது நிரம்புவதற்கு முன்பே அயர்லாந்து நாடாளுமன்றத்தில் உறுப்பினராக உட்கார்ந்துவிட்டார்.

ஆனால் 1788-ல் நடந்ததைக் கேளுங்கள். லெய்ன்ஸ்டர் பிரபு வீட்டு விருந்தில், அடுத்து எங்கே பயணம் என்று யாரோ கேட்க, 'ஜெருசலேம்' என்றார். துருக்கிப் பேரரசின் ஆட்சியில் இருந்த ஊர், வழியெல்லாம் கொள்ளைக்காரர்கள், போய்த் திரும்ப முடியாது என்று மற்றவர்கள் பந்தயம் கட்டினார்கள். மொத்தம் 15,000 பவுண்டு. அந்த இலையுதிர் காலத்திலேயே கப்பல் ஏறிவிட்டார். ஜிப்ரால்டர், ஸ்மிர்னா, கான்ஸ்டான்டினோபிள் வழியாக, 'கசாப்புக்காரர்' என்று பேரெடுத்த, அக்கோ (ஏக்கர்) என்ற துறைமுக நகரின் ஆளுநர் அல் ஜஸாரையும் சந்தித்து, ஜெருசலேம் போய்ச் சேர்ந்தார். அங்கிருந்த மடத்தில், தான் வந்து போனதற்குச் சான்றிதழ் எழுதி வாங்கிக்கொண்டார். அடுத்த கோடையில் டப்ளினில் அந்தக் காகிதத்தைக் காட்டிப் பணத்தை வாங்கினார். வழிச் செலவு 8,000 போக, கையில் நின்றது 7,000. அன்றிலிருந்து அவர் 'ஜெருசலேம் வேய்லி'. மனுஷன் சொன்னதைச் செய்துவிட்டார்! சீட்டு மேசையில் தொலைத்த இரவுகளை நான் மன்னிக்க மாட்டேன். இந்த ஒரு பயணத்துக்கு மட்டும் மனதார வணக்கம் வைக்கிறேன்.

பந்தயம் நடந்த லெய்ன்ஸ்டர் மாளிகை இப்போது அயர்லாந்தின் நாடாளுமன்றம். பக்கத்திலேயே தேசிய ஓவியக்கூடம், நிரந்தரக் காட்சிக்கு அனுமதி இலவசம். 'ஹெல்ஃபயர் கிளப்' என்ற பேரில் குடித்துக் கும்மாளமிட்ட முந்தைய தலைமுறைக் கனவான்களை ஜேம்ஸ் வொர்ஸ்டேல் வரைந்த ஓவியம் இந்தக் கூடத்தின் சேகரிப்பில்தான் இருக்கிறது.

அந்தக் கிளப்பின் பேரைச் சுமக்கும் பாழடைந்த கட்டடத்தைப் பார்க்க மாண்ட்பெலியர் குன்றுக்குப் போனேன். டாக்சி எடுத்தது பெரும் தப்பு. மழை பிடித்துக்கொண்டதால்தான் ஏறினேன். ஊருக்குள் ஒரு சுற்று சுற்றி, அடிவாரத்தில் இறக்கிவிட்டு 45 யூரோ என்றார் ஓட்டுநர். ஏன் அந்த வழி என்று கேட்டால் 'டிராஃபிக்' என்ற ஒற்றைச் சொல்தான் பதில். என் இரண்டு நாள் சாப்பாட்டுக் காசு அது! பேருந்தில் போங்கள், தயவுசெய்து. லீப் கார்டு (பேருந்துக் கட்டண அட்டை) இருந்தால் 2 யூரோவில் நகர எல்லை வரை வந்துவிடலாம், மீதி நடை. கார்டு இல்லையென்றால் சரியான சில்லறை வேண்டும், ஓட்டுநர் நோட்டு வாங்க மாட்டார்.

குன்று 383 மீட்டர்தான். வழியெல்லாம் ஊசியிலை மரங்கள், சேறு. உச்சியில் 1725 வாக்கில் வில்லியம் கொனலி கட்டிய வேட்டை மாளிகை, கதவில்லாமல், ஜன்னல் இல்லாமல் நிற்கிறது. உள்ளே இருட்டு. சுவரில் கை வைத்தால் ஈரம் விரலில் ஒட்டுகிறது. சீட்டாட வந்த அந்நியனின் காலில் பிளவுபட்ட குளம்பு தெரிந்ததாம், அவன்தான் சாத்தானாம். இந்தக் கதைக்காகத்தான் எல்லோரும் ஏறுகிறார்கள். எனக்குப் பின்பக்கத்து மேடுதான் பெரிதாகப் பட்டது. சுமார் 5,000 ஆண்டுப் பழைய கல்லறை அது. அதன் கற்களைப் பிடுங்கி மாளிகைக்குப் போட்டதால்தான் முதல் கூரை புயலில் பறந்தது என்று ஊரார் நம்பினார்கள். மழை விட்டதும் ஜன்னல் ஓட்டை வழியாக டப்ளின் விரிகுடா முழுக்கத் தெரிந்தது. அரை மணி நேரம் அங்கேயே நின்றேன்.

இறங்கி வந்து ஒரு சின்னக் கடையில் காய்கறி சூப்பும் பழுப்பு சோடா ரொட்டியும் சாப்பிட்டேன். ரொட்டியின் ஓரம் மொறுமொறு, நடுவில் மெத்து. வெண்ணெயைத் தடவியதும் உருகி உள்ளே இறங்கியது. 8.50 யூரோ. இந்தப் பயணத்தில் நான் சாப்பிட்டதிலேயே இதுதான் உசத்தி.

வேய்லி அப்புறம் மறுபடியும் கடனில் மூழ்கினார். அயர்லாந்தை பிரிட்டனோடு இணைக்கும் சட்டத்துக்கு வாக்களிக்க இரண்டு பக்கமும் பணம் வாங்கினார் என்ற பழியும் சேர்ந்தது. 1800 நவம்பரில், லண்டன் போகும் வழியில், இங்கிலாந்தின் நட்ஸ்ஃபோர்டில் ஒரு விடுதியில் இறந்தார். முப்பத்தைந்து வயதுகூட ஆகவில்லை. அவர் எழுதி வைத்த நினைவுக் குறிப்புகள் அச்சானது 1906-ல்தான்.

ஊர் திரும்பும் நாள் காலையில் விமான நிலையப் பேருந்துக்கு நேரம் இருந்தது. மறுபடியும் 86-ம் எண் வாசலுக்குப் போனேன். சிங்கத்தின் முகத்தில் மழைநீர் சொட்டிக்கொண்டிருந்தது.