நடைச்சீட்டு நேரம் முடிந்து பிடிபட்ட எங்கள் பிக்கப்

தாண்டிக்குடியில் எங்கள் குடும்பத்துக்குச் சோறு போடுவது ஒரே ஒரு பிக்கப் வண்டி. மலைவாழைத் தார்களை ஏற்றிக்கொண்டு வத்தலக்குண்டுக்கு இறங்கும். ஏறி வரும்போது சிமெண்ட், எம்-சாண்ட் (கல்லை உடைத்துச் செய்யும் மணல்) என்று கிடைக்கிற லோடு. ஐப்பசி மழையில் ஒருநாள் எம்-சாண்ட் ஏற்றி வரும்போது மலைச்சாலையில் மரம் விழுந்து, வண்டிகள் மணிக்கணக்கில் நின்றுவிட்டன. வழி திறந்து ஊத்து பிரிவைத் தாண்டியதும் சோதனை. மணலைக் கொண்டுசெல்லக் குவாரியில் தரும் அனுமதிச் சீட்டான நடைச்சீட்டை ஓட்டுநர் தம்பி நீட்டினார். அதில் அச்சிட்டிருந்த நேரம் முடிந்திருந்தது. மணலோடு வண்டியும் காவல் நிலையத்துக்குப் போனது.

முதல் தகவல் அறிக்கையில் திருட்டுப் பிரிவும் இருந்தது, 1957ஆம் ஆண்டு கனிமச் சட்டத்தின் 21ஆம் பிரிவும் இருந்தது. கட்டணம் கட்டினால் விட்டுவிடுவார்கள் என்றார்கள் ஊரில். கனிமக் குற்றத்தைக் கட்டணம் பெற்று முடித்துவைக்கச் சட்டத்தில் இடமுண்டு, உண்மைதான். ஆனால் திருட்டு வழக்கும் சேர்ந்துவிட்டால் நீதிமன்றம் போகாமல் வண்டி வராது. கட்டணத்தை நம்பி நாளைக் கடத்தாதீர்கள். கனிமச் சட்டம் இருந்ததால் எங்கள் வழக்கறிஞர் திண்டுக்கல் மாவட்ட நீதிமன்றத்தில்தான் மனுப் போட்டார்.

மனு உரிமையாளர் பெயரில் இருக்க வேண்டும். வழக்கில் பெயர் இருப்பது ஓட்டுநருக்கு, ஆர்.சி. யார் பெயரிலோ அவர்தான் வண்டியைக் கேட்க முடியும். ஆர்.சி., காப்பீடு, பெர்மிட், தகுதிச் சான்று, முதல் தகவல் அறிக்கை நகல் எல்லாம் வைத்தோம். வண்டிமேல் கடன் இருந்ததால் நிதி நிறுவனத்தின் தடையில்லாக் கடிதமும் தேவைப்பட்டது. அதை வாங்குவதற்குள் போதும் போதுமென்றாகிவிட்டது. தவணை மட்டும் தவறாமல் கேட்டார்கள்.

இதற்கிடையே நிலையத்துக்குப் போய் வண்டியைப் பார்த்தேன். தார்ப்பாய் கிழிந்து, மணல் மழையில் கரைந்து பின்கதவு இடுக்கு வழியே வழிந்திருந்தது. சக்கரத்தைச் சுற்றிப் புல். இருக்கைக்கு அடியில் எலி ஒயரைக் கடித்துப் போட்டிருந்தது. பக்கத்தில் வரிசையாகத் துருப்பிடித்த பழைய வண்டிகள். ஒன்றின் என்ஜின் இருந்த இடத்தில் செடி முளைத்திருந்தது. எத்தனை குடும்பங்களின் பிழைப்பு அது! நெஞ்சு கொதித்தது.

அந்த நிலையைப் படமெடுத்து மனுவோடு வைக்கச் சொன்னார் வழக்கறிஞர். பிடிபட்ட வண்டிகளை நிலையங்களில் நெடுநாள் போட்டு வைப்பதில் பயனில்லை, தக்க பத்திரமும் பிணையும் பெற்றுக்கொண்டு திருப்பித் தரலாம் என்று 2002இல் சுந்தர்பாய் அம்பாலால் தேசாய் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கிறது. 2024 ஜூலை முதல் நடைமுறையில் உள்ள புதிய குற்றவியல் நடைமுறைச் சட்டமான பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவின் 497ஆம் பிரிவும் நமக்குத் துணை: பொருள் நீதிமன்றத்தின்முன் வந்த 14 நாளுக்குள் அதன் விவரப் பட்டியல் தயாராக வேண்டும், படமும் எடுக்க வேண்டும், பட்டியலுக்குப் பின் 30 நாளுக்குள் பொருளை என்ன செய்வதென்று உத்தரவிட வேண்டும். உங்கள் வழக்கறிஞர் இவற்றை எடுத்துச் சொல்கிறாரா என்று கேட்டுவிடுங்கள்.

அரசுத் தரப்பு ஆட்சேபித்தது. வண்டிமேல் முன்வழக்கு உண்டா என்பதுதான் முக்கியக் கேள்வி. எங்களுக்கு இல்லை. குவாரியின் விற்பனை ரசீதும், மரம் விழுந்த அன்றைய நாளிதழ்ச் செய்தியும் பெரிதும் உதவின.

உத்தரவு நிபந்தனைகளோடு வந்தது: பிணைப் பத்திரம், இரண்டு ஜாமீன்தாரர்கள், அசல் ஆர்.சி.யை நீதிமன்றத்தில் ஒப்படைப்பது. வண்டியை விற்கவோ உருமாற்றவோ கூடாது, அழைத்தால் கொண்டுவந்து நிறுத்த வேண்டும். ஜாமீனுக்குச் சித்தப்பாவும் பக்கத்துத் தோட்டத்து அண்ணனும் வீட்டு வரி ரசீதோடு முதல் பஸ்ஸில் இறங்கி வந்தார்கள். கூலி நாளை விட்டுவிட்டு வந்த அந்த அண்ணனுக்கு என்றும் கடமைப்பட்டிருக்கிறேன்.

மூல வழக்கு இன்னும் நடக்கிறது. வண்டி ஓடுகிறது. ஆர்.சி. கையில் இல்லாததால், உத்தரவின் சான்றிட்ட நகலை ஓட்டுநர் தம்பி எப்போதும் வண்டியிலேயே வைத்திருக்கிறார். சோதனைச் சாவடிகளில் அதைக் காட்டினால் போதுமானதாக இருக்கிறது. எம்-சாண்ட் ஏற்றும்போது நடைச்சீட்டில் உள்ள நேரத்தைப் பார்த்துவிட்டுத்தான் குவாரியை விட்டுக் கிளம்புகிறார்.